பெட்டி பூப்பின் இடுப்பு யாருடையது?

பெட்டி பூப் 1930களில் அமெரிக்காவில் புகழ்பெற்ற கார்ட்டூன் பெண். 1932 செப்டம்பர் 23 அன்று பாரமவுண்ட் நிறுவனம் அமெரிக்கத் திரையரங்குகளுக்கு அனுப்பிய அவளுடைய கார்ட்டூன் 'பெட்டி பூப்ஸ் பாம்பூ ஐல்'. ஏழெட்டு நிமிடம் ஓடும் கறுப்பு வெள்ளைப் படம். நியூயார்க்கில் மாக்ஸ் ஃப்ளெய்ஷர் நடத்திய ஸ்டுடியோவின் தயாரிப்பு, இயக்கம் அவருடைய தம்பி டேவ். கார்ட்டூன் என்று பெயர், ஆனால் தொடக்கத்தில் ஓவியமே இல்லை. 'ராயல் சமோவன்ஸ்' என்ற இசைக்குழு திரையில் வருகிறது. ஆண்கள் தந்தி வாத்தியங்களை வாசிக்க, மிரி என்ற பெண் ஆடுகிறார். கேமரா பெரிதாக நகர்வதில்லை. ஆடுகிற உடம்பை முழுசாகக் காட்டிவிட்டுப் பேசாமல் நிற்கிறது. அப்புறம்தான் கார்ட்டூன் ஆரம்பம்.

கதை என்று சொல்ல அதிகம் இல்லை. பிம்போ என்ற நாய்க் கதாபாத்திரம் மோட்டார் படகில் வாத்தியம் வாசித்துக்கொண்டே கடலில் போகிறது. படகு கட்டுக்கடங்காமல் பறந்து ஒரு தீவில் கொண்டுபோய்ச் சேர்க்கிறது. அங்கே பெட்டி பூப். வழக்கமான குட்டைக் கவுன் இல்லை. மாநிற உடம்பு, கழுத்தில் மார்பை மறைக்கும் பூமாலை, இடுப்பில் சின்னப் புல் பாவாடை. தீவுவாசிகள் வந்ததும் பிம்போ பயந்துபோய் முகத்தில் கறுப்பைப் பூசி, தலையில் எலும்பைச் செருகி, தானும் அந்த ஊர்க்காரன் என்று நடிக்கிறது. அவர்கள் அதை ராஜா மாதிரி உட்காரவைத்து உபசரிக்கிறார்கள். பெட்டி அதன் முன்னால் ஹவாயின் ஹூலா ஆட்டம் ஆடுகிறாள். மழை வருகிறது, சாயம் கரைகிறது, குட்டு வெளிப்படுகிறது, இருவரும் படகில் தப்பிக்கிறார்கள். முடிந்தது.

இந்த ஆய்வுக்கு வேண்டியது அந்த ஹூலா மட்டும்தான். ஆனால் அதைப் புரிந்துகொள்ள, அதற்கு முன்னும் பின்னும் படத்தில் எல்லாரும் எப்படி அசைகிறார்கள் என்று கவனிக்க வேண்டும். 1930களின் தொடக்கத்தில் ஃப்ளெய்ஷர் கார்ட்டூன்களில் யாரும் சும்மா நிற்பதில்லை. மனிதர், மிருகம், மரம், படகு எல்லாமே பாட்டின் தாளத்துக்கு மேலும் கீழும் குதித்துக்கொண்டே இருக்கும். கை கால்களில் எலும்பு கிடையாது, ரப்பர் குழாய் மாதிரி வளையும். தாளம் தட்டும்போது முழங்கால் மடியும், தலை தாழும், அடுத்த தட்டுக்கு எழும்பும். அன்றைய கார்ட்டூன்காரர்களுக்கு இது கண்ணை மூடிக்கொண்டு போடக்கூடிய அசைவு.

பெட்டி ஆடத் தொடங்கியதும் இந்தக் குதிப்பு நின்றுவிடுகிறது. தலை கிட்டத்தட்ட ஒரே மட்டத்தில் இருக்கிறது. தோள் அமைதியாக இருக்கிறது. முழங்கால் லேசாக மடிந்தே இருக்க, ஒரு கால் மாற்றி ஒரு கால் எடை மாறுகிறது, அதனால் இடுப்பு பக்கவாட்டில் போய்ச் சுழன்று திரும்புகிறது. ஹூலாவின் அடிப்படையே இதுதான். பார்ப்பவர் கண்ணுக்கு இடுப்புதான் ஆடுகிறது, ஆனால் வேலை செய்வது முழங்காலும் பாதமும். இது தெரியாத ஓவியர் கற்பனையில் வரைந்தால் இடுப்பைத் தனியாகக் கழற்றி இப்படியும் அப்படியும் ஆட்டுவார். இங்கே அப்படி இல்லை. பெட்டியின் பாவாடை நார்கள்கூட இடுப்பு திரும்பிய பிறகு ஒரு கணம் தாமதித்துத்தான் திரும்புகின்றன. ரப்பர் உலகத்துக்கு நடுவே திடீரென்று எடை உள்ள ஓர் உடம்பு வந்து நின்றது போல இருக்கிறது.

எடை வந்த வழி எல்லாருக்கும் தெரிந்ததுதான்: ரோட்டோஸ்கோப். மாக்ஸ் ஃப்ளெய்ஷர் 1915இல் விண்ணப்பித்து 1917இல் காப்புரிமை வாங்கிய கருவி. நிஜ ஆளைப் படம் பிடித்து, அந்தப் படச்சுருளை ஒவ்வொரு ஃபிரேமாகக் கண்ணாடிப் பரப்பின் மேல் விழச் செய்து, மேலே காகிதத்தை வைத்து வரைந்துகொள்வது. முதல் சோதனைகளில் தம்பி டேவ் கோமாளி உடை போட்டு ஆடினார். அதை வரைந்துதான் கோகோ என்ற கோமாளிக் கதாபாத்திரமே பிறந்தது. ஒலி வந்த பிறகு நொடிக்கு 24 ஃபிரேம் என்று கணக்கு நிலைத்துவிட்டதால், நடனத்தையும் இசையையும் பொருத்துவது முன்பைவிட எளிதாயிற்று. மிரி ஆடியதைப் படம் பிடித்தார்கள். அந்த அசைவுகளின் மேல் பெட்டியை வரைந்தார்கள்.

இதைச் சொல்வது சுலபம், செய்வது அவ்வளவு சுலபமில்லை. வளர்ந்த பெண்ணின் உயரம் அவள் தலையைப் போல ஏழு மடங்கு, ஏழரை மடங்கு இருக்கும். பெட்டியின் தலை உடம்போடு ஒட்டாத அளவுக்குப் பெரிது, இடுப்பு சிறியது, கால் குட்டை. மிரியின் கோட்டை அப்படியே எடுத்தால் பெட்டி இருக்க மாட்டாள். ஆகவே ஓவியர் கோட்டை விட்டுவிட்டு, மூட்டுகள் இருக்கும் இடத்தையும் அவை நகரும் நேரத்தையும் மட்டும் எடுத்துக்கொள்ள வேண்டும். இடுப்பு எந்த ஃபிரேமில் இடக்கோடிக்குப் போகிறது, எங்கே ஒரு கணம் தயங்குகிறது, எந்த ஃபிரேமில் கை மணிக்கட்டில் மடிகிறது என்ற கணக்குதான் மிரியிடமிருந்து பெட்டிக்குப் போனது. மேலே இருக்கும் முகம், கண், சுருள்முடி எல்லாம் ஸ்டுடியோவுடையது. கழுத்துக்குக் கீழே நேரக்கணக்கு வேறொருவருடையது. இந்தப் பிரிவினையை மனதில் வைத்துக்கொண்டு இன்னொரு முறை பார்த்தால் அந்த நடனம் கொஞ்சம் விசித்திரமாகவே தெரியும். பெரிய பொம்மைத் தலை சிரிக்கிறது, கீழே ஓர் அனுபவசாலி ஆடிக்கொண்டிருக்கிறார்.

சமோவா ஆட்கள், ஹவாய் ஆட்டம்

குழுவின் பெயரில் சமோவா. கார்ட்டூனில் ஆடுவது ஹூலா. ஹூலா ஹவாயின் ஆட்டம். இரண்டு இடங்களுக்கும் நடுவே நாலாயிரம் கிலோமீட்டருக்கு மேல் கடல். சமோவாவின் பாரம்பரிய ஆட்டத்துக்கு சிவா என்று பெயர். அதில் கையும் மணிக்கட்டும்தான் பிரதானம், இடுப்பு பெரும்பாலும் அடங்கியே இருக்கும். விழாவின் முடிவில் தலைவரின் மகள் உயரமான தலை அலங்காரத்தோடு ஆடும் தவுலுங்கா என்ற ஆட்டம் அங்கே மிகப் பெரிய மரியாதைக்குரியது. ஆண்கள் உடம்பில் பட்பட்டென்று தட்டி ஆடும் ஆட்டம் தனி. இவை எதுவும் பாம்பூ ஐல் படத்துக்குள் வரவில்லை.

அப்படியானால் இது மோசடியா? அப்படிச் சொல்லிவிட முடியாது. அந்தக் காலத்தில் 'தீவு' என்பது மேடைத் தொழிலில் ஒரே சரக்கு. சமோவா, தாஹிட்டி, ஹவாய் என்று பிரித்துக் கேட்டு டிக்கெட் வாங்குபவர் அமெரிக்காவில் யாரும் இல்லை. பிழைக்க வேண்டிய கலைஞர்கள் எது விற்குமோ அதைக் கற்றுக்கொண்டார்கள், பல சமயம் உள்ளூர்க்காரர்களுக்கு இணையாகவும் ஆடினார்கள். சமோவாவில் பிறந்த தாவ் மோ சிறந்த உதாரணம். ஹவாயின் லாயியே என்ற ஊரில் வளர்ந்தவர். அங்கே மார்மன் சபை 1919இல் கோயில் கட்டியதும் சமோவாக் குடும்பங்கள் பல வந்து குடியேறின. 1920களின் கடைசியில் ஒரு ஹவாய் இசைக்குழுவோடு ஆசியாவுக்குக் கிளம்பிய தாவ் மோவும் அவர் மனைவி ரோஸும் அரை நூற்றாண்டுக்கு மேல் ஊர் ஊராகப் போனார்கள். 1940களில் சில வருடங்கள் கல்கத்தாவில் தங்கி அவர் ஸ்டீல் கிட்டார் சொல்லிக்கொடுத்தார். நம் பழைய சினிமாப் பாட்டுகளில் வழுக்கிக்கொண்டு போகும் அந்த ஹவாயன் கிட்டாரின் ஓசைக்கு இந்தியாவில் வேர் பிடித்த இடங்களில் கல்கத்தாவும் ஒன்று. சமோவாக்காரர் ஒருவர் ஹவாய் வாத்தியத்தை வங்காளத்தில் கற்றுக்கொடுத்தார் என்றால், ராயல் சமோவன்ஸ் நியூயார்க்கில் ஹூலாவுக்கு வாசித்ததில் ஆச்சரியப்பட ஒன்றுமில்லை.

எனக்கு உறுத்துவது 'ராயல்' என்ற அடைமொழிதான். அந்த வருடங்களில் நிஜச் சமோவாவில் என்ன நடந்துகொண்டிருந்தது? கிழக்குப் பகுதி 1900 முதல் அமெரிக்கக் கடற்படையின் நிர்வாகத்தில் இருந்தது. மேற்குப் பகுதி நியூசிலாந்தின் கையில். மேற்கே 'மாவ்' என்ற இயக்கம் அகிம்சை வழியில் சுயாட்சி கேட்டது. 1929 டிசம்பர் 28 அன்று ஆப்பியா நகரில் அமைதியாகப் போன ஊர்வலத்தின் மேல் நியூசிலாந்துப் போலீஸ் சுட்டது. தலைவர் துப்புவா தமசேசே மூன்றாம் லெயலொஃபி குண்டடிபட்டு மறுநாள் இறந்தார். உண்மையான சமோவா உயர்குடித் தலைவர் ஒருவர் இப்படிச் செத்து மூன்று வருடம்கூட ஆகவில்லை. அமெரிக்கத் திரையில் 'ராயல் சமோவன்ஸ்' வாசிக்க, சாயம் பூசிய நாய் ஒன்று தீவின் ராஜாவாக உட்கார்ந்திருக்கிறது. ஃப்ளெய்ஷர் சகோதரர்கள் இதை யோசித்திருப்பார்கள் என்று நான் நினைக்கவில்லை. யோசிக்கத் தேவையில்லாத இடத்தில் அவர்கள் இருந்தார்கள் என்பதுதான் விஷயம்.

தீவு எப்படிச் சரக்கானது

ஹூலாவின் வரலாறு இதைவிட நீளமானது, கொஞ்சம் கசப்பானதும்கூட. கிறிஸ்தவ மிஷனரிகள் 1820இல் ஹவாய்க்கு வந்தார்கள். அவர்கள் வழியில் மதம் மாறிய அரசி கஅஹுமனு 1830இல் பொது இடத்தில் ஹூலா ஆடக் கூடாது என்று தடை போட்டார். ஆட்டம் செத்துவிடவில்லை, கிராமங்களுக்குள் ஒதுங்கிக்கொண்டது. அதை மறுபடி அரண்மனை வாசலுக்குக் கொண்டுவந்தவர் 1874 முதல் 1891 வரை ஆண்ட மன்னர் கலாகவுவா. 1883இல் அவருடைய முடிசூட்டு விழாவில் ஹூலா வெளிப்படையாக ஆடப்பட்டது. ஊரில் இருந்த கிறிஸ்தவ வெள்ளையர்கள் முகம் சுளித்தார்கள். பத்து வருடம் கழித்து, 1893இல், அவருடைய தங்கை அரசி லிலியுவோகலானியின் ஆட்சி கவிழ்க்கப்பட்டது. 1898இல் ஹவாய் அமெரிக்காவோடு சேர்க்கப்பட்டது.

நாடு போன பிறகு ஆட்டம் ஏற்றுமதியாயிற்று. 1912இல் 'பேர்ட் ஆஃப் பாரடைஸ்' என்ற நாடகம் நியூயார்க்கின் நாடக அரங்குகள் உள்ள பிராட்வேயில் ஹவாய்க் கதையையும் இசையையும் மேடையேற்றியது. 1915இல் சான் பிரான்சிஸ்கோவில் நடந்த பனாமா பசிபிக் கண்காட்சியில் ஹவாய் அரங்கில் கூட்டம் அலைமோதியது, உகுலேலே என்ற குட்டி கிட்டார் மேல் மோகம் பிடித்தது. அடுத்த வருடம் ஹவாய் இசைத்தட்டுகள் கடைகளில் பறந்தன. ஆங்கிலச் சொற்களில் ஹவாய் மெட்டுப் போட்ட பாட்டுகள் நியூயார்க் இசைப் பதிப்பாளர்களின் அலுவலகங்களிலேயே தயாராயின. அவற்றை எழுதியவர்களில் பலர் ஹவாயைக் கண்ணால் பார்த்ததில்லை.

பாரமவுண்ட் நிறுவனத்துக்கு இந்தச் சந்தை புதிதல்ல. ஆவணப்பட இயக்குநர் ராபர்ட் ஃப்ளாஹர்ட்டியை சமோவாவின் சவாயி தீவுக்கு அனுப்பி எடுக்கவைத்த 'மோவானா' 1926இல் அவர்கள் வெளியிட்ட படம். அதில் சிவா ஆட்டம் இருக்கிறது, அதுவும் நிதானமாகக் காட்டப்படுகிறது. ஆனால் படம் எதிர்பார்த்த வசூலைத் தரவில்லை. 1931இல் ஜெர்மன் இயக்குநர் மூர்னாவ் தாஹிட்டிக்கு அருகே போரா போரா தீவில் எடுத்த 'டாபு' படத்தை விநியோகித்ததும் பாரமவுண்ட்தான். 1932 ஆகஸ்டில் ஆர்கேஓ நிறுவனம் 'பேர்ட் ஆஃப் பாரடைஸ்' நாடகத்தைப் பேசும் படமாக வெளியிட்டது. தீவு இளவரசியாக மெக்சிகோ நடிகை தொலோரெஸ் தெல் ரியோ, ஆட்டத்துக்குப் பின்னால் நடன இயக்குநர் பஸ்பி பெர்க்லி. அடுத்த மாதமே பெட்டியின் கார்ட்டூன். போட்டியாளர் பெரிய செலவில் கிளப்பிய அலையில் ஒரு குட்டிப் படகை விட்டுப் பார்த்த மாதிரி இருக்கிறது.

அந்தப் புல் பாவாடை விஷயத்தையும் சொல்லிவிடுகிறேன். பழைய ஹவாயில் ஆட்டக்காரிகள் உடுத்தியது மரப்பட்டையைத் தட்டிச் செய்த கபா துணி, அல்லது இலைகள். சினிமாவில் பார்க்கும் காய்ந்த நார்ப் பாவாடை, 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் தோட்ட வேலைக்கு வந்த கில்பர்ட் தீவு மக்களோடு, அதாவது இன்றைய கிரிபட்டி மக்களோடு, ஹவாய்க்குள் வந்தது என்பார்கள். அமெரிக்க மேடை அதைப் பிடித்துக்கொண்டு விடவே இல்லை. ஆக பெட்டி கட்டியிருப்பது கில்பர்ட் தீவுப் பாவாடை, ஆடுவது ஹவாய் ஆட்டம், ஆட்டத்துக்கு அளவு கொடுத்த குழு சமோவா, தீவுவாசிகளை வரைந்த விதம் ஆப்பிரிக்கக் காடு பற்றிய அமெரிக்கக் கேலிச்சித்திரம். எலும்பு செருகிய தலை பசிபிக்கிலிருந்து வந்ததல்ல, அது கறுப்பினத்தவரை நக்கலடித்த அமெரிக்க மேடை நிகழ்ச்சிகளிலிருந்து வந்தது.

ஆளைக் காட்டிவிட்டு வரைவது

ஃப்ளெய்ஷர் ஸ்டுடியோ அந்த ஒரே வருடத்தில் இந்த முறையை இன்னும் இரண்டு பெரிய ஆட்களிடம் பயன்படுத்தியது. மார்ச்சில் வந்த 'மின்னி த மூச்சர்' கார்ட்டூனில் ஜாஸ் பாடகர் கேப் காலோவே தன் இசைக்குழுவோடு முதலில் நேரில் வந்து வழுக்கி வழுக்கி ஆடுகிறார். பிறகு அதே ஆட்டம் பேயாக வரும் ஒரு வால்ரஸ் (தந்தமுள்ள கடல் விலங்கு) மேல் ஏறிக்கொள்கிறது. காலோவேயைப் படம் பிடித்ததில் இன்று நம்மிடம் இருப்பவற்றில் அதுவே முதலாவது என்கிறார்கள். நவம்பரில் வந்த இன்னொரு படத்தில் ஜாஸ் கலைஞர் லூயி ஆம்ஸ்ட்ராங். பெட்டி காட்டுக்குள் போக, மனிதரைத் தின்னும் காட்டுவாசியின் தலை வானத்தில் பறந்து துரத்துகிறது, அந்தத் தலை ஆம்ஸ்ட்ராங்காக மாறிப் பாடுகிறது. மூன்றுமே பெட்டி பூப் கார்ட்டூன்கள், மூன்றுமே பாரமவுண்ட் வெளியீடு. நிஜக் கலைஞரைத் தொடக்கத்தில் காட்டுவது விளம்பர ஏற்பாடும்கூட. கார்ட்டூன் ஓடிய ஊருக்குக் காலோவே பிறகு மேடை நிகழ்ச்சிக்கு வருவார், ஏற்கெனவே கூட்டம் தயாராக இருக்கும்.

மூன்றையும் அடுத்தடுத்துப் பார்த்தால் ஒரு வித்தியாசம் உடனே தெரியும். காலோவே வால்ரஸாக மாறினாலும் குரல் அவருடையது, பாட்டு அவருடையது. கண்ணை மூடிக்கொண்டு கேட்டாலும் காலோவேதான். ஆம்ஸ்ட்ராங் விஷயமும் அப்படியே, எவ்வளவு மோசமான வேடத்தில் காட்டினாலும் அந்தக் குரலின் கரகரப்புக்கு வேறு சொந்தக்காரர் இல்லை. மிரியிடம் எடுத்துக்கொண்டது அசைவை மட்டும். அசைவில் கையெழுத்து இருந்தாலும் அதைப் படிக்கத் தெரிந்தவர்கள் குறைவு. தொடக்கக் காட்சியைப் பார்க்காதவருக்கு அது பெட்டியின் ஆட்டம், அவ்வளவுதான்.

தொடக்கக் காட்சி இல்லாமல் அந்த ஆட்டம் ஊர் சுற்றவும் செய்தது. 1933 ஜூலையில் 'பாப்பாய் த செய்லர்' வந்தது. கீரை தின்னும் அந்த மாலுமி முதன்முதலாகத் திரைக்கு வந்த படம், பெட்டி பூப் வரிசையில்தான் வந்தது. பொருட்காட்சி மேடை ஒன்றில் பெட்டி ஹூலா ஆடுகிறாள், போன வருடம் வரைந்த அதே ஆட்டம். பாப்பாய் மேடையில் ஏறி, அங்கே நிற்கும் தாடிக்காரப் பெண்ணின் தாடியைப் பிடுங்கி இடுப்பில் பாவாடையாகக் கட்டிக்கொண்டு கூட ஆடுகிறான். டிவியில் பாப்பாய் பார்த்து வளர்ந்தவர்களுக்கு இந்தக் காட்சி நினைவிருக்கலாம். இங்கேயும் அதே வேடிக்கைதான்: பாப்பாய் பழைய ரப்பர் பாணியில் குதிக்கிறான், பக்கத்தில் பெட்டி எடையோடு ஆடுகிறாள். இரண்டு வகை உடம்பு ஒரே மேடையில். 1934 மே மாதம் வந்த 'பெட்டி பூப்ஸ் ரைஸ் டு ஃபேம்' படத்தில் மாக்ஸ் ஃப்ளெய்ஷரே திரையில் தோன்றி, பெட்டி எப்படிப் புகழ் பெற்றாள் என்று நிருபருக்குச் சொல்கிறார். அதற்குச் சான்றாகக் காட்டும் பழைய துண்டுகளில் இந்த ஹூலாவும் ஒன்று. பெட்டியின் சாதனைப் பட்டியலில் ஏறிவிட்டது. மிரி அங்கே இல்லை.

நீதிமன்றத்தில் ஒரு குரல்

இந்த நிகழ்வில் எனக்கு மிகவும் சுவாரஸ்யமானது, அதே காலத்தில் அதே பெட்டியை வைத்து நடந்த வழக்கு. ஹெலன் கேன் என்ற பாடகி குழந்தைக் குரலில் 'பூப்-ஊப்-அ-டூப்' என்று பாடிப் பிரபலமானவர். 1932இல் அவர் ஃப்ளெய்ஷர் மேலும் பாரமவுண்ட் மேலும் 2,50,000 டாலர் கேட்டு வழக்குப் போட்டார். என் முகத்தையும் பாடும் பாணியையும் எடுத்துத்தான் பெட்டியைச் செய்தார்கள் என்பது புகார். வழக்கு 1934இல் விசாரணைக்கு வந்தது. ஃப்ளெய்ஷர் தரப்பு, அந்தப் பாணி கேனுக்கே சொந்தமில்லை, பேபி எஸ்தர் என்ற கறுப்பினச் சிறுமி அதற்கு முன்பே மேடையில் அப்படிப் பாடினாள் என்று அவளுடைய மேலாளரைச் சாட்சிக்கு அழைத்தது. நீதிபதி மெக்கோல்ட்ரிக் கேனுக்கு எதிராகத் தீர்ப்புச் சொன்னார்.

பெட்டிக்கு உரிமை கொண்டாட ஒரு வெள்ளைக்காரப் பாடகி நீதிமன்றம் வரை போக முடிந்தது. அவரைத் தோற்கடிக்க ஒரு கறுப்பினச் சிறுமியின் பெயர் தேவைப்பட்டது, ஆனால் அந்தச் சிறுமிக்கு அதனால் ஒரு டாலரும் வந்து சேரவில்லை. ஃபிரேம் ஃபிரேமாக வரைந்தெடுத்த இடுப்பைப் பற்றி அந்த வழக்கில் பேச்சே இல்லை. இருந்திருந்தாலும் பயன் இருந்திருக்காது. அன்றைய அமெரிக்கப் பதிப்புரிமைச் சட்டத்தில் நடனத்துக்கென்று தனி இடம் இல்லை. கதை சொல்லும் நாடகமாகக் காட்டினால்தான் ஏதாவது பாதுகாப்பு கிடைக்கும். நடன அமைப்பு என்ற சொல்லையே சட்டத்துக்குள் கொண்டுவந்தது 1976இல் நிறைவேறி 1978 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்த சட்டம். அதிலும்கூட, தலைமுறை தலைமுறையாக வரும் பொது அடவுகளுக்கு யாரும் தனி உரிமை கேட்க முடியாது.

குரலுக்கும் முகத்துக்கும் சண்டை போட்ட அளவுக்கு அசைவுக்கு யாரும் சண்டை போடவில்லை என்றால், அசைவை யாரும் பொருளாகவே நினைக்கவில்லை என்று அர்த்தம். அதைச் சுரங்கத்திலிருந்து எடுப்பது போல எடுக்க மாக்ஸிடம் காப்புரிமை பெற்ற கருவி இருந்தது. அன்று வரைந்தெடுக்கும் கருவிக்குச் சட்டப் பாதுகாப்பு இருந்தது, வரைந்தெடுக்கப்பட்ட ஆட்டத்துக்கு இல்லை.

அதற்காக ரோட்டோஸ்கோப்பைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றுவதும் சரியாக இருக்காது. அது இல்லாமல் வரைந்த ஹூலா எப்படி இருக்கும் என்று தெரிந்துகொள்ள, 1937 செப்டம்பரில் டிஸ்னி வெளியிட்ட 'ஹவாயன் ஹாலிடே' கார்ட்டூனைப் பார்க்கலாம். மிக்கி ஸ்டீல் கிட்டார் வாசிக்க, மின்னி ஆடுகிறாள். வண்ணம் அழகு, வரைதல் ஃப்ளெய்ஷரைவிடப் பல மடங்கு நேர்த்தி. ஆனால் மின்னியின் ஆட்டம் கையை அசைத்துப் பின்புறத்தை ஆட்டுவதோடு சரி. டொனால்டு வாத்து பாவாடை கட்டி ஆடும்போது பாவாடையில் தீப்பிடிக்கிறது, சிரிக்கலாம். ஓர் ஆட்டக்காரி எடையை எங்கே வைக்கிறாள் என்ற செய்தி அந்தப் படத்தில் கிடையாது. பாம்பூ ஐலில் சுற்றிலும் இருக்கும் எல்லாம் பொய், சில இடங்களில் அவமானப்படுத்தும் பொய். நடுவில் இருக்கும் அந்த ஆட்டம் ஒன்றுதான் பார்த்துப் பதிவு செய்தது.

1934 ஜூலை முதல் ஹாலிவுட்டில் தணிக்கை விதிகள் கறாராக அமலுக்கு வந்ததும் பெட்டியின் பாவாடை கீழே இறங்கியது. பூமாலை மட்டும் போட்டுக்கொண்டு ஆடும் பெட்டிக்கு இனி வழியில்லை. தீவு ஆட்டம் குறும்படங்களை விட்டுப் போகவில்லை. 1940இல் சிகாகோவின் மில்ஸ் நாவல்ட்டி நிறுவனம் 'பனோராம்' என்ற, காசு போட்டால் படம் காட்டும் இயந்திரத்தைச் சந்தைக்கு விட்டது. மதுக்கடைகளிலும் உணவகங்களிலும் வைத்திருப்பார்கள். பத்து சென்ட் போட்டால் மூன்று நிமிடப் பாட்டுப் படம் ஒன்று ஓடும். எட்டுப் படங்கள் ஒரே சுருளில் வரிசையாக இருக்கும், பிடித்ததைத் தேர்ந்தெடுக்க முடியாது, அடுத்து எது வருகிறதோ அதைத்தான் பார்க்க வேண்டும். 'சவுண்டீஸ்' என்று அழைக்கப்பட்ட இந்தப் படங்களில் ஹூலாவுக்கும் பங்கு இருந்தது. உள்ளே கண்ணாடிகளில் பட்டுத் திரைக்கு வர வேண்டியிருந்ததால் படத்தை இடம் வலமாகத் திருப்பி அச்சடித்தார்கள். இன்று அந்தப் பழைய பிரதிகளைச் சாதாரண இயந்திரத்தில் ஓட்டினால் வாத்தியக்காரர்கள் எல்லாரும் இடதுகைக்காரர்களாகத் தெரிவார்கள்.

இதற்கிடையில் நியூயார்க்கிலேயே ஒரு மாற்றம் நடந்தது. 1937இல் லெக்சிங்டன் ஹோட்டலில் 'ஹவாயன் ரூம்' திறந்தது, 1966 வரை நடந்தது. ஹவாயிலிருந்தே ஆட்டக்காரிகளை அழைத்து வந்தார்கள். ரே கின்னியின் இசைக்குழுவோடு ஆடிய 'அலோஹா மெய்ட்ஸ்' பெண்களில் புவாலானி மோஸ்மன், மேமோ ஹோல்ட் போன்றவர்களைப் பெயர் சொல்லித் தேடி வந்து பார்த்தார்கள். சுற்றுலா விளம்பரப் பாணி நிகழ்ச்சிதான், அதில் சந்தேகமில்லை. ஆனாலும் ஆட்டம் யாருடையது என்பதில் அங்கே குழப்பம் இல்லை.

பாம்பூ ஐல் படத்தைப் பட்டியலிடும்போது இயக்கம் டேவ் ஃப்ளெய்ஷர், அனிமேஷன் சீமோர் நைடெல், பெர்னார்ட் வுல்ஃப் என்று போடுகிறார்கள். அதற்குக் கீழே 'நடனம்: மிரி' என்று ஒரு வரி சேர்க்க வேண்டும் என்பது என் கருத்து. தொடக்கக் காட்சியில் வந்துபோகிறவர் என்ற முறையில் அல்ல, பெட்டி ஆடும் காட்சிக்கே. அதே வரி பாப்பாயின் முதல் படத்துக்கும், 1934இன் தொகுப்புப் படத்துக்கும் பொருந்தும்.